உப்பு நீங்கலாக

பாஷ்யம் மாமா சாப்பிடுவாரா மாட்டாரா என்பது ஒன்றைத் தவிர மற்ற எல்லாவற்றையும் அந்தக் கூட்டத்தில் பேசினார்கள். இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு வயிறு எரிகிறது.

ஸ்ரீரங்கத்தில் கொள்ளிடக் கரைப் பக்கம், வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர்கள் குடியிருக்கும் அடுக்குமாடி ஒன்று இருக்கிறது. பிள்ளைகள் அமெரிக்காவிலும் பெங்களூரிலும் இருப்பார்கள். அப்பா அம்மா இங்கே இருப்பார்கள். கீழ்த்தளத்தில் எல்லோருக்கும் பொதுவாக ஒரு சாப்பாட்டுக்கூடம். அதன் சமையல் என் பொறுப்பு. என் பெயர் செல்லக்கிளி. சொந்த ஊர் துறையூர்ப் பக்கம், சின்ன வெங்காயம் விளையும் மண். பிழைக்க வந்த இடத்திலோ வெங்காயமும் பூண்டும் வாசற்படி தாண்டக் கூடாது. அதில் எனக்கு ஒரு வருத்தமும் கிடையாது. சாப்பிடுகிறவர்களின் வழக்கம் எதுவோ அதற்குள் ருசியைக் கொண்டுவருவதுதான் சமையல்காரிக்கு வேலை. வெங்காயம் இல்லாமல் நான் வைக்கும் சாம்பாருக்குப் பக்கத்துத் தெருவிலிருந்து ஆள் வந்து நின்ற காலமும் உண்டு.

பாஷ்யம் மாமா பொன்மலை ரயில்வே பட்டறையில் வேலை பார்த்தவர். மாமி போன பிறகு தனியாக இரண்டாவது மாடியில் இருந்தார். இதயம் பலவீனம், காலில் நீர் கோத்துக்கொண்டு செருப்பு நுழையாது. வாராவாரம் வந்து எல்லோரையும் பார்க்கும் டாக்டர் கலீல் மாமாவுக்கு உப்பை ஏறக்குறைய அடியோடு நிறுத்தச் சொல்லிவிட்டார். நிறுத்தினேன். கால் வற்றியது, கூடவே மாமாவும் வற்றினார்.

உப்பில்லாத ரசத்தை நீங்கள் சாப்பிட்டிருக்கிறீர்களா? ஒரு வேளை சாப்பிட்டிருந்தாலும் வேடிக்கைக்காகச் சாப்பிட்டிருப்பீர்கள். அவருக்கு அதுதான் காலையும் இரவும். இரண்டு கவளம் வாயில் போடுவார், தண்ணீரைக் குடிப்பார், தட்டை நகர்த்திவிட்டுக் கை கழுவப் போய்விடுவார். எலுமிச்சை பிழிந்து பார்த்தேன், மிளகைத் தூக்கிப் போட்டேன், மாங்காய்ப் பொடி தூவினேன். உப்பு இல்லாவிட்டால் புளிப்பும் காரமும் தனித்தனியாக நின்று சண்டை போடுமே தவிர ருசியாகாது. "மண்ணாட்டம் இருக்கும்மா, உன்மேல தப்பு இல்ல" என்பார். என்மேல் தப்பு என்று திட்டியிருந்தால்கூட நன்றாக இருந்திருக்கும்.

சமயபுரத்தாள்கூட வருஷத்தில் இருபத்தெட்டு நாள்தான் பட்டினி விரதம் இருக்கிறாள். மாமா மாதக்கணக்கில் இருந்தார். சட்டைதான் அவரைப் போட்டுக்கொண்டு நடந்தது. ஒருநாள் கலீல் டாக்டர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, இப்படியே போனால் உப்பு செய்யும் கெடுதலைவிடப் பட்டினி செய்யும் கெடுதல் பெரிதாகிவிடும், ஆஸ்பத்திரியில் சேர்த்து மூக்கு வழியாகக் குழாய் போட வேண்டியதுதான் என்றார். மாமாவிடமும் சொல்லியிருப்பார் போல. அன்று மாலை மாமா என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்று. "குழாய் வேண்டாம் செல்லக்கிளி. வாயால சாப்ட்டுண்டே போயிடறேனே."

அந்தச் சமயத்தில்தான் என் தம்பி இளவரசன் விடுமுறைக்கு வந்தான். ஜப்பானின் வடகோடியில் ஹொக்கைடோ என்றொரு தீவு. அங்கே கடல்பாசிப் பண்ணையில் அவனுக்கு வேலை. துறையூரில் வெங்காயத்துக்குக் களை எடுத்தவன், அங்கே போய்ப் பனிக்காற்றில் படகில் குனிந்துகொண்டு பாசிக்குக் களை எடுக்கிறான். பெட்டியைத் திறந்தால் சாக்லேட்டுக்குப் பதிலாகக் காய்ந்த தோல் பட்டை மாதிரி ஒரு கட்டு. கரும்பச்சை நிறம், மேலே வெள்ளை வெள்ளையாகப் படிந்திருந்தது. பூஞ்சை பிடித்ததைக் கொண்டுவந்திருக்கிறாயே என்று துணியால் துடைக்கப் போனேன். அவன் என் கையைப் பிடித்துக்கொண்டான். அது பூஞ்சை இல்லையாம், பாசியின் சொந்த இனிப்பு வெளியே பூத்து நிற்பதாம். அதைக் கழுவினால் பாதி ருசி போய்விடுமாம். பெயர் கொம்பு என்றான். உனக்குத்தான் அங்கே கொம்பு முளைத்திருக்கிறது என்றேன்.

அவன் செல்போனில் எடுத்து வைத்திருந்த படங்களைக் காட்டினான். முற்றிய இலையில் கருந்திட்டாகத் தெரியும் இடத்தில்தான் வித்து இருக்குமாம். அந்த இலையைச் சற்றே வாட விட்டுக் குளிர்ந்த கடல்நீரில் போட்டால் கண்ணுக்குத் தெரியாத வித்துகள் புகைபோல வெளியே வந்து, நீந்திப் போய், தொட்டியில் கட்டியிருக்கும் நூலில் ஒட்டிக்கொள்ளும். அதிலிருந்து நேரே பாசி முளைப்பதில்லை. முதலில் ஆண் ஒரு இழை, பெண் ஒரு இழை என்று தனித்தனியாக, பூதக்கண்ணாடி வைத்தால்தான் தெரியும் அளவுக்கு வளரும். அவை கூடிய பிறகுதான் நகக்கண் அளவு இலை வரும். நூலைத் துண்டு துண்டாக வெட்டிப் பெருங்கயிற்றின் முறுக்கில் செருகிக் கடலில் தொங்க விடுவார்கள். நெருக்கமாக வந்தால் நோஞ்சானைப் பிடுங்கிவிட்டு மற்றதற்கு வெளிச்சம் விடுவார்கள். நம் நாற்றங்கால் வேலைதான், தலைகீழாக, தண்ணீருக்குள். ஆள் உயரத்தைத் தாண்டி வளர்ந்ததும் கோடையில் விடிவதற்குள் அறுத்து, அன்றைக்கே கூழாங்கல் பரப்பில் காயப் போட வேண்டும். நடுவில் மழை பெய்தால் அவ்வளவுதான், மொத்தமும் வீண். அதற்கு வேரே கிடையாது என்றான். அடியில் பிடி மாதிரி ஒன்று இருக்கும், அது பாறையைப் பற்றிக்கொள்ள மட்டும்தான். சாப்பாடு முழுவதும் இலையாலேயே.

"உப்பு போடாம ருசி வரணும்னா இத ஊறப் போட்டுப் பாரு அக்கா" என்றான்.

கட்டைவிரல் அகலத்துக்கு ஒரு துண்டை வெறும் தண்ணீரில் ஊற வைத்து, மெல்லச் சுட வைத்து, கொதி வருவதற்கு முன்னால் எடுத்துவிட்டேன். கொதிக்க விட்டால் கொழகொழவென்று ஆகிக் கசந்துவிடும். அந்தத் தண்ணீரை ஒரு வாய் குடித்தேன். இனிப்பு இல்லை, புளிப்பு இல்லை, உப்பு என்றும் சொல்ல முடியாது. நாக்கின் பின்பக்கம் போய் உட்கார்ந்துகொண்டு இன்னும் கொஞ்சம் கொடு என்று கேட்டது. நன்றாகப் பழுத்த தக்காளியும் துவரம்பருப்பும் சேர்ந்து வெந்த தண்ணீரில் இந்த ருசி லேசாக இருக்கும். இதில் அது மட்டுமே இருந்தது. எனக்கு உடனே பாஷ்யம் மாமா முகம்தான் கண்ணில் வந்தது.

இங்கே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், பிறகு திருட்டுத்தனமாகச் செய்தாள் என்று பேசினார்கள் அல்லவா, அதற்காக. நான் யாருக்கும் தெரியாமல் எதையும் செய்யவில்லை. முதலில் கலீல் டாக்டரிடம் அந்தப் பாசியையே எடுத்துக்கொண்டு போய்க் காட்டினேன். அவர் படித்துப் பார்த்து, இதில் அயோடின் மிக அதிகம், தைராய்டுக்கு மாத்திரை சாப்பிடுகிறவர்கள் பக்கமே போகக் கூடாது என்றார். மாமாவின் சிறுநீரகக் கணக்கையெல்லாம் பார்த்துவிட்டு, சின்னத் துண்டு, ஒருநாள் விட்டு ஒருநாள், அதற்கு மேல் வேண்டாம் என்று சம்மதித்தார். உப்பு குறைத்துச் சாப்பிடுகிறவர்களுக்கென்று தனிப் பாத்திரம், தனிக் கரண்டி வைத்தேன். அவர்களிலும் தைராய்டுக்காரர்களை ஒதுக்கினேன். கூடத்து வாசலில் தொங்கும் பலகையில் 'கடல்பாசி ரசம்' என்று கொட்டை எழுத்தில் எழுதினேன். அந்தப் பலகையை யாரும் படிப்பதில்லை என்றால் அது என் குற்றமா?

அதற்கும் மேலாக, குடியிருப்புச் சங்கத் தலைவர் சௌரிராஜன் சாரிடம் நேரில் போய்க் கேட்டேன். வங்கியில் பெரிய பதவியில் இருந்து ஓய்வு பெற்றவர். எதையும் கோடு போட்டுச் செய்கிறவர். ஜப்பான் கடலில் வளரும் பாசி என்று சொல்லித்தான் ரசத்தைக் கொடுத்தேன். ஊறிய துண்டையும் வீணாக்காமல் மெல்லிசாக நறுக்கித் தேங்காய் போட்டு வதக்கி வைத்திருந்தேன். அதைத் தின்றுவிட்டு, இன்னும் இருக்கா என்று கேட்டு இரண்டாவது தடவையும் வாங்கிக்கொண்டார். "நன்னா இருக்கே, பண்ணு பண்ணு" என்றார். இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

மாமாவுக்கு முதல் நாள் பரிமாறியபோது நான் நகராமல் நின்றேன். ஒரு கவளம் போயிற்று. மூன்றாவதும் போயிற்று. தட்டை நகர்த்துவார் என்று பார்த்தால், தட்டைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். இன்னும் கொஞ்சம் ரசம் விடு என்று அவர் கேட்டபோது கரண்டி நிறைய ஊற்றினேன். என்ன போட்டாய் என்றார். சொன்னேன், கொஞ்சம் பயந்துகொண்டே. அவர் சிரித்தார். "கடல்லேருந்து வந்தா என்ன? மகாலக்ஷ்மித் தாயாரே சமுத்திரத்துல பொறந்தவதானே."

அதற்குப் பிறகு அவர் சாப்பிட்டார். பாசி இல்லாத நாளில்கூட, நாளைக்கு உண்டு என்ற நம்பிக்கையில் நாலு கவளம் கூடவே இறங்கியது. டாக்டர் குழாய்ப் பேச்சை விட்டுவிட்டார். மாமா மாடிப்படி ஏறிப் போவதைப் பார்க்க எனக்குப் பெருமையாக இருந்தது. அந்தப் பெருமையில்தான் யாரோ கண் வைத்துவிட்டார்கள்.

வேதவல்லி மாமி ஒருநாள் வெந்நீர் வாங்க வந்தவர், பரிமாறும் ஜன்னல் வழியாக உள்ளே பார்த்திருக்கிறார். கிண்ணத்தில் பாசி ஊறிக்கொண்டிருந்தது. ஊறினால் அது உப்பி வழவழவென்று இருக்கும், பார்க்க ஈரத் தோல் மாதிரி. இது என்ன தோலாட்டம் இருக்கு என்று கேட்டார். தோல் இல்லை மாமி, கடல்பாசி என்றேன். கடல் என்ற வார்த்தைக்கு மேல் அவர் காதில் எதுவும் விழவில்லை. வெந்நீரை அங்கேயே வைத்துவிட்டுப் போனார், தலைக்குக் குளித்தார், அன்று சாப்பிட வரவில்லை. மறுநாள் ஒரு மாடியே வரவில்லை. அதற்கு மறுநாள் நான் சமையலறையில் மீன் தோலை ஊற வைப்பதாக வாட்ஸப்பில் செய்தி போய், கலிஃபோர்னியாவிலிருந்து ஒரு பிள்ளை மேனேஜருக்குப் போன் செய்து கத்தினான்.

ஏகாதசி அன்று மாலை கூட்டம் வைத்தார்கள். எனக்காகப் பேச விஷயம் தெரிந்த ஒருவர் வேண்டும் என்று நான் பெலிண்டா மேடத்தை அழைத்திருந்தேன். பாலக்கரையில் இருக்கிறார், என் மகளுக்குக் கல்லூரியில் தாவரவியல் சொல்லிக்கொடுத்தவர். ஆட்டோ பிடித்து வந்துவிட்டார், பாவம். அவர் வந்ததும் எனக்கு யானை பலம் வந்த மாதிரி இருந்தது.

சௌரிராஜன் சார் மரியாதையாகத்தான் ஆரம்பித்தார். "மேடம், நீளமா ஒண்ணும் வேண்டாம். இது செடிதானே, அத மட்டும் சொல்லிடுங்கோ."

பெலிண்டா மேடம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "கறாரா சொல்லணும்னா, இது செடி இல்லைங்க."

அப்படியானால் பிராணியா என்று யாரோ கேட்டார்கள். அதுவும் இல்லை என்றார் மேடம். பச்சையம் இருக்கிறது, வெயிலில் சாப்பாடு செய்துகொள்கிறது, ஆனால் செடிகளின் வம்சத்திலேயே சேராது, இந்தப் பழுப்புப் பாசிகள் தனி வம்சம் என்றார். பலகை இருந்தால் படமே போட்டிருப்பார். செடியாக இல்லாததையெல்லாம் நாம் சாப்பிடத்தானே செய்கிறோம், காளானும் செடி இல்லையே என்றார். காளான் நாங்கள் சாப்பிடுவதில்லை என்று மூன்று பேர் ஒரே நேரத்தில் சொன்னார்கள். பாலைத் தயிராக்குவது பாக்டீரியா, அதுவும் செடி இல்லை என்றார். அதைக் கேட்டு ஒரு மாமா வயிற்றைத் தடவிக்கொண்டார். இந்தப் பாசியிலிருந்து எடுக்கும் பசை ஐஸ்கிரீமில் சேர்கிறது, சில பற்பசையிலும் சேர்கிறது, நீங்கள் எல்லோருமே ஏற்கெனவே சாப்பிட்டிருப்பீர்கள் என்று அவர் என்னைக் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு சொன்னார். அதோடு என் கதை முடிந்தது.

பொய் சொல்லத் தெரியாத மனுஷியை நான்தான் வலியப் போய் அழைத்திருக்கிறேன். ஆமாம், செடிதான் என்று ஒரு வார்த்தை. அதைச் சொல்லியிருந்தால் எந்தக் கடல் வற்றியிருக்கும்? பிறகு வாசலில் அவரிடம் அப்படியே கேட்டேன். செடி என்று எழுதிய பிள்ளைகளுக்கு வருஷம் பூராவும் மார்க் குறைத்திருக்கிறேனே, நானே எப்படிச் சொல்ல முடியும் என்றார், கண் கலங்கிக்கொண்டு. அவர்மேல் இருந்த கோபம் ஆட்டோ திரும்புவதற்குள் போய்விட்டது. போகாத கோபம் வேறொருவர்மேல்.

கூட்டத்தில் நான் எழுந்து, சாரிடம் கேட்டுத்தான் செய்தேன் என்று சொன்னேன். எல்லோரும் சௌரிராஜன் சாரைப் பார்த்தார்கள். அவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். "என்னமோ கீரைன்னு சொன்னதாத்தான் எனக்கு ஞாபகம்" என்றார்.

கீரையாம். இரண்டாவது தடவை கேட்டு வாங்கித் தின்ற வாய். எனக்கு அந்த நிமிஷம் ரத்தம் தலைக்கு ஏறியது. ஆனால் இருபது ஜோடி கண்கள் சமையல்காரி பொய் சொல்கிறாள் என்று முடிவு கட்டிய பிறகு என்ன பேசுவது? அவர்கள் கேட்டிருக்க வேண்டிய கேள்வி ஒன்று இருந்தது. தைராய்டு உள்ளவர்களுக்கு இது ஆகுமா, அவர்களுக்கு என்ன ஏற்பாடு செய்தாய் என்று ஒருவராவது கேட்டிருந்தால் அவர் காலில் விழுந்திருப்பேன். உயிருக்கு ஆபத்தானதை விட்டுவிட்டார்கள், வம்சம் கோத்திரம் விசாரித்தார்கள். பாஷ்யம் மாமா கடைசி வரிசையிலிருந்து எழுந்து ஏதோ சொல்லப் பார்த்தார். மூச்சு வாங்கியது. உட்காருங்கோ, உங்களுக்கு எதுக்கு சிரமம் என்று உட்கார வைத்துவிட்டார்கள்.

சார் அழகான கையெழுத்தில் ஒரு தாள் எழுதினார். 'கடலில் தோன்றிய எந்தப் பொருளும் இச்சமையற்கூடத்தில் பயன்படுத்தப்படாது.' என்னிடம் கையெழுத்து வாங்கி, சமையலறைக் கதவில் ஒட்டினார்கள். புதுப் பாத்திரம் வாங்கினார்கள், தீட்டுக் கழிய வாத்தியாரை வரவழைத்துப் புண்ணியாகவாசனம் செய்து தண்ணீர் தெளித்தார்கள். நான் வேலையை விட்டுவிட்டுப் போயிருக்கலாம். மாமாவுக்கு யார் சமைப்பார்கள் என்றுதான் போகவில்லை.

மாமா பழையபடி ஆனார். முதலில் இரண்டு கவளம், பிறகு ஒன்று, பிறகு கீழே வந்து உட்கார்ந்துவிட்டு மட்டும் போவார். அறைக்கே செய்து கொண்டுவரட்டுமா என்று கேட்டேன். எல்லாரும் வேண்டாம்னதை ஒளிச்சு வெச்சுண்டு சாப்டற வயசா இது என்று சொல்லிவிட்டார். கலீல் டாக்டர் மறுபடியும் குழாய் என்றார், இந்தத் தடவை தேதியோடு. சௌரிராஜன் சார் மாமாவின் மேஜையைத் தாண்டும்போதெல்லாம் குனிந்து நலம் விசாரித்தார். ஒவ்வொரு தடவையும் என் கையில் கரண்டி இருந்தது. அதைக் கையிலேயே வைத்திருந்ததற்குப் பெருமாள்தான் சாட்சி.

அடுத்த ஏகாதசி வந்தது. மறுநாள் துவாதசி. பட்டினி இருந்தவர்கள் காலையிலேயே பாரணைக்கு உட்காருவார்கள்; அகத்திக்கீரை, நெல்லிக்காய்ப் பச்சடி, சுண்டைக்காய், பாசிப்பருப்பு. புளி கிடையாது. இருப்பதிலேயே பசியோடு வரும் வேளை அது. விடிகாலையில் கீரைக்கு உப்பு எடுக்க டப்பாவைத் திறந்தேன். காலியாகி இருந்தது. புது மூட்டையைப் பிரிக்கும்போது அதில் தூத்துக்குடி என்று அச்சடித்திருப்பது கண்ணில் பட்டது. கதவில் ஒட்டியிருந்த தாளைப் பார்த்தேன். மூட்டையைப் பார்த்தேன். பிரித்த வாயை மறுபடி கட்டி, வெளியே வராந்தாவில் கொண்டுபோய் வைத்தேன். ஊறுகாய் ஜாடி, அப்பளம், மோர்மிளகாய் எல்லாம் அதன் பின்னாலேயே போயின. கூட வேலை செய்யும் ஜோதி என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தாள். பரிமாறு என்றேன்.

முதல் கவளத்திலேயே முகங்கள் சுருங்கின. பிறகு உப்பு, உப்பு என்று நாலா பக்கமும் கை நீண்டது. இல்லை என்றேன். வேதவல்லி மாமி ஊறுகாயாவது போடு என்றார். அதிலும் உப்பு இருக்கிறது மாமி என்றேன். சௌரிராஜன் சார் எழுந்து வந்து, உப்புப் போட மறந்துவிட்டாய் என்றார்.

"மறக்கல சார். கையெழுத்துப் போட்டிருக்கேன். உப்பு எங்கேருந்து வருதுங்க?"

அவர் முகம் மாறியது. விளையாடாதே என்றார். விளையாடவில்லை என்றேன். வேதவல்லி மாமிக்கு ஒரு யோசனை வந்தது. இந்துப்பு மலையிலிருந்து வெட்டி எடுப்பதாயிற்றே, விரதத்துக்கெல்லாம் ஆகுமே, அதைப் போடலாமே என்றார். அந்த மலையும் ஒரு காலத்தில் கடலாக இருந்து காய்ந்ததுதான் என்று என் மகள் பாடத்தில் படித்திருக்கிறாள், சந்தேகமாக இருந்தால் பெலிண்டா மேடத்தைப் போன் செய்து கேட்கலாம் என்றேன். பெலிண்டா மேடத்தை மறுபடி கேட்க ஒருவரும் தயாராக இல்லை. ஒரு மாமா நல்ல மனசோடு, ஒப்பிலியப்பன் பிரசாதமாக நினைத்துச் சாப்பிடுவோமே, பெருமாளே உப்பில்லாமல்தானே சாப்பிடுகிறார் என்றார். அவர் வீட்டு மாமியே, பெருமாள் சாப்பிடுவார், நீங்க சாப்பிடுங்கோ பார்ப்போம் என்று சொல்லிவிட்டார். அவர் கையிலிருந்த கவளம் அப்படியே நின்றது.

அப்போதுதான் நான் சத்தமாகப் பேசினேன். அந்தக் கூடத்தில் அதுவரை நான் சத்தமாகப் பேசியதே இல்லை.

"இது ஒண்ணும் தண்டனை இல்லைங்க. பாஷ்யம் மாமா தினமும் சாப்பிடற சாப்பாடுதான் இது. ஒரு வேளை எல்லாரும் சாப்பிட்டுப் பாருங்க."

யாரும் என்னைப் பார்க்கவில்லை. தட்டைப் பார்த்தார்கள். சௌரிராஜன் சார் சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்தார். சமையலறைக் கதவுக்குப் போய், தன் அழகான கையெழுத்தில் அந்த வரிக்கு மேலே இரண்டே வார்த்தை சேர்த்தார். 'உப்பு நீங்கலாக.' கூட்டம் கிடையாது, நிபுணர் கிடையாது, செடியா பிராணியா என்ற விசாரணை கிடையாது. புண்ணியாகவாசனமும் கிடையாது. பேனா மூடி திறந்து மூடுகிற நேரம், அவ்வளவுதான்.

வராந்தாவுக்குப் போய் மூட்டையைத் தூக்கி வந்தேன். கிண்ணம் கிண்ணமாக உப்பை எடுத்து ஒவ்வொரு மேஜையிலும் வைத்தேன். ஊறுகாய் வந்தது, அப்பளம் வந்தது. கூடத்தில் பேச்சு சத்தம் திரும்பியது. கீரை நன்றாக இருக்கிறது என்றுகூட யாரோ சொன்னார்கள்.

பாஷ்யம் மாமா தன் மேஜையில் தனியாக உட்கார்ந்திருந்தார். அவர் தட்டில் வைத்தது வைத்தபடி இருந்தது. அவர் இரண்டு கையையும் மேஜையில் ஊன்றி எழுந்து நின்றார். இந்தத் தடவை அவரை உட்கார வைக்க யாரும் பக்கத்தில் இல்லை. மூச்சு வாங்க வாங்க, ஒவ்வொரு மேஜையாகப் பார்த்துக்கொண்டு வந்து, சௌரிராஜன் சாரிடம் பார்வையை நிறுத்தினார்.

"எல்லாருக்கும் வந்துடுத்து. எனக்குத்தான் இன்னும் வரல."

கோபமாகச் சொல்லவில்லை. பந்தியில் விட்டுப்போனவர் கேட்கிற மாதிரிதான் கேட்டார். வேதவல்லி மாமி தன் பக்கத்திலிருந்த உப்புக் கிண்ணத்தைத் தொட்டு, பிறகு கையை எடுத்துக்கொண்டார். சௌரிராஜன் சார் வாயில் இருந்ததை விழுங்க முடியாமல் உட்கார்ந்திருந்தார்.

நான் உள்ளே போனேன். அலமாரிக்கு மேலே, என் பைக்குள் சுற்றி வைத்திருந்த பாசிக் கட்டைப் பிரித்து ஒரு துண்டு வெட்டினேன். சின்ன அடுப்பையும் பாத்திரத்தையும் கூடத்துக்கே தூக்கி வந்து, பரிமாறும் மேஜையில், சௌரிராஜன் சாருக்கு நேர் எதிரே வைத்தேன். எல்லோரும் பார்க்கத் தண்ணீர் ஊற்றினேன். எல்லோரும் பார்க்கத் துண்டை அதில் போட்டேன். அது மெல்ல உப்பி, மடிப்பு விரிந்து, பச்சை நிறத்துக்கு வந்தது. நான் தலையை நிமிர்த்தி ஒவ்வொருவர் முகமாகப் பார்த்தேன், யாராவது வேண்டாம் என்று சொல்லட்டும் என்று. யாரும் சொல்லவில்லை. சௌரிராஜன் சார்கூடச் சொல்லவில்லை.

மாமா அன்று வயிறாரச் சாப்பிட்டார். குழாய்க்குக் குறித்த தேதி தானாகப் போய்விட்டது. தாள் இன்னும் கதவில்தான் இருக்கிறது. அதைக் கிழிக்கவும் யாருக்கும் தைரியமில்லை, காட்டித் தடுக்கவும் தைரியமில்லை. எல்லாம் நல்லபடியாக முடிந்துவிட்டதே, இன்னும் ஏன் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருக்கிறாய் என்று ஜோதி கேட்கிறாள். முடிந்தது என்பதில்தான் எனக்குக் கோபம். இவ்வளவு லேசாக முடிகிற விஷயத்துக்கு அந்த மனுஷனை இரண்டு வாரம் பட்டினி போட்டார்கள்.